என் கணவர் நன்றாக நடித்த காட்சி

என் கணவருக்கு நடிக்க வராது. படப்பிடிப்புத் தொடங்கிய முதல் நாளே அது எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று. கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்து, என்னைப் பார்த்து, "சாவி எங்க?" என்று கேட்க வேண்டும். அவ்வளவுதான் காட்சி. கலியாணம் முடித்த காலத்திலிருந்து காலைதோறும் கடைக்குப் புறப்படும்போது என்னிடம் கேட்டுவருகிற கேள்வி அது. கமராவுக்கு முன்னால் கேட்கச் சொன்னால், ஆணி நிறுத்துக் கொடுப்பதுபோல ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார். கேட்டு முடித்ததும் என்னைப் பார்க்காமல் கமராவைப் பார்த்து, சரிதானே என்கிற மாதிரி தலையை வேறு ஆட்டினார். இயக்குநர் உட்பட அங்கிருந்த அத்தனை பேரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

இயக்குநர் என்றால் பெரிய ஆள் என்று நினைக்க வேண்டாம். என் சாச்சியின், அதாவது உம்மாவுடைய தங்கையின் மகன்தான், எனக்குத் தம்பி முறை. கொழும்பில் ஒரு தொலைக்காட்சியில் சில காலம் கமராவுக்குப் பின்னால் நின்றுவிட்டு ஊருக்குத் திரும்பி, கலியாண வீடுகளில் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தான். ஊரில் பாதிப் பேரின் கலியாணம் அவன் கையில்தான் இருக்கிறது. ஆனால் அவனுக்குள் ஒரு படம் இருந்தது. அதைச் சொல்லிச் சொல்லியே எல்லோருடைய உயிரையும் வாங்கிக்கொண்டிருந்தான்.

படத்தின் கதை இதுதான். எங்கள் ஊரைப் போன்ற ஓர் ஊரில் ஒருவர் சின்னதாக ஒரு கேபிள் தொலைக்காட்சி நடத்துகிறார். எல்லோருடைய கையிலும் கைபேசி வந்துவிட்டதால் அவருடைய தொலைக்காட்சியைப் பார்க்க ஆளில்லை. சண்டை பிடித்துக்கொண்ட கணவன் மனைவியரை நேரலையில் உட்கார வைத்துச் சமாதானம் பண்ணுகிற நிகழ்ச்சி ஒன்றைத் தொடங்குகிறார். எங்கள் பக்கத்தில் யார் தங்கள் வீட்டுச் சண்டையை ஊருக்குக் காட்ட வருவார்கள்? ஒருவரும் வரவில்லை. கடைசியில் ஒரு தேநீர்க் கடைக்காரனையும் கோழி விற்கிற பெண்ணொருத்தியையும் பிடித்து, கணவன் மனைவி என்று சொல்லிக் கதிரையில் உட்கார வைக்கிறார். சண்டை சூடு பிடித்து, தேநீர்க் கடைக்காரன் தன்னை மறந்து, நேரலையில் மூன்று தலாக்கும் சொல்லிவிடுகிறான். ஊரே கொதித்து எழும்புகிறது. அவர்கள் கணவன் மனைவியே இல்லை, ஆகையால் அந்தத் தலாக்கில் ஒன்றுமே இல்லை என்பதை வெளியில் சொன்னால் நிகழ்ச்சி பொய்யென்று தெரிந்துவிடும். சொல்லாவிட்டால் ஊர் விடாது. படத்தின் மிச்சமெல்லாம் அந்த முதலாளி படுகிற பாடு. சிரிப்பும் அழுகையுமாக நன்றாகத்தான் எழுதியிருந்தான், பொய் சொல்லக்கூடாது.

கோழி விற்கிற பெண்ணுக்குத்தான் ஆள் கிடைக்கவில்லை. கல்முனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் தேடினாலும், அந்நிய ஆணுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து நடிக்கத் தன் வீட்டுப் பெண்ணை அனுப்ப யார் இருக்கிறார்கள்? வெளியூரிலிருந்து ஒரு நடிகையைக் கொண்டுவந்தால் பள்ளிவாசல் நிர்வாகத்தில் கேள்வி வரும். பையன் யோசித்தான். யோசித்து, சொந்தக் கணவனும் மனைவியுமாக இரண்டு பேரைப் போட்டுவிட்டால் எவரும் வாய் திறக்க மாட்டார்கள் என்று கண்டுபிடித்தான். பெரியவர்கள் சிலரிடம் கேட்டும் வைத்தான். நல்ல யோசனை, ஹறாமுக்கு இடமில்லை என்றார்கள். அத்தனை கவனமாகத்தான் எல்லாம் நடந்தது.

பாடசாலைக் காலத்தில் நான் நாடகம் நடித்தவள். பிறகு ஆசிரியையாகி, பிள்ளைகளுக்கு நாடகம் பழக்கிப் பரிசும் வாங்கிக் கொடுத்தவள். ஐம்பதை நெருங்குகிற வயதில் தம்பி முறையுள்ள ஒருவன் வீடு தேடி வந்து, "ராத்தா, உங்களாலதான் ஏலும்" என்று சொன்னால் யாருக்குத்தான் ஆசை வராது? எனக்கு வந்தது. என் கணவர் பிரதான வீதியில் ஹாட்வெயார் கடை வைத்திருக்கிறார். கடை, பள்ளி, வீடு என்பதைத் தவிர வேறு திசை தெரியாதவர். முதலில் ஏலாது என்றார். இரண்டு நாள் பேசாமல் இருந்தேன். பிறகு, "நீ ஆசப்பட்டா செய்வம் புள்ள" என்றார். அவர் என்னைக் கூப்பிடுவது அப்படித்தான்.

தனியார் வகுப்புகள் நடந்து மூடிக்கிடந்த டியூட்டரி ஒன்றின் மேல்மாடியில் தொலைக்காட்சி நிலையம் போட்டிருந்தார்கள். நீலத் துணியைச் சுவரில் கட்டி, முன்னால் இரண்டு மெத்தைக் கதிரை. மீன் லொறிகள் போகிற பாதை கீழேதான். ஒரு வசனம் ஒழுங்காக வந்தால் லொறிக்காரன் ஹோன் அடிப்பான். அவன் அடங்கினால் தொழுகைக்குப் பாங்கு தொடங்கும். எங்கள் ஊரில் பள்ளிகளுக்குப் பஞ்சமில்லை. ஒன்று முடிய மற்றது, மற்றது முடிய அடுத்தது. அதுவரைக்கும் எல்லோரும் அசையாமல் உட்கார்ந்திருப்போம். இவர் மட்டும் அந்த இடைவெளியில் சந்தோசமாக இருப்பார். நடிக்கத் தேவையில்லை அல்லவா?

எத்தனை நாள் எடுத்தாலும் அவர் திருந்தவில்லை. கோபப்படச் சொன்னால் புருவத்தைத் தூக்குவார். சிரிக்கச் சொன்னால் பல்லைக் காட்டுவார். என் தம்பி பொறுமைசாலி. மரத்தை வைத்தும் படம் எடுக்கலாம், மரம் காற்றுக்காவது ஆடும் என்று எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொல்வான். நான் அவனை ஏசினாலும் மனதுக்குள் எனக்கும் எரிச்சல்தான். நான் உயிரைக் கொடுத்து நடித்துக்கொண்டிருக்கிறேன், எதிரில் ஒருவர் கணக்குப் பார்க்கிற முகத்தோடு உட்கார்ந்திருக்கிறார்.

பிறகு அந்தத் தலாக் காட்சி வந்தது. ஒலிப்பதிவு செய்தவர்தான் முதலில் தயங்கினார். "இவங்க சொந்தப் புருசன் பொஞ்சாதிதானே? இது பறவாயில்லையா?" என்று கேட்டார். "படம்தானே. கதையில வாறவன் சொல்ற, மச்சானா சொல்ற?" என்றான் தம்பி. அது அத்தோடு முடிந்தது. நியாயமான பதிலாகத்தான் எல்லோருக்கும் பட்டது.

இவருக்கு வாய் வரவில்லை. அந்தச் சொல்லின் பாதியில் நிறுத்திவிட்டுத் தண்ணீர் கேட்டார். "சொல்லுங்க, நான் ஒண்டும் ஓடிப்போக மாட்டன்" என்று நான்தான் சிரித்தேன். அடுத்த தடவை சொன்னார், ஆனால் சொல்லும்போது தரையைப் பார்த்தார். அதற்கடுத்த தடவை, படத்தில் வருகிற பெண்ணின் பெயரை மறந்துபோனார். "மச்சான், கொஞ்சம் கோபம் வேணும். அவ உங்கள ஊருக்கு முன்னால கேவலப்படுத்திட்டா. வயிறு எரியோணும்" என்று தம்பி காலைப் பிடிக்காத குறையாகக் கெஞ்சினான். திரும்பத் திரும்ப எடுத்தார்கள். எல்லாம் மரம்தான். அஸர் தொழுகைக்கு நிறுத்தி, தொழுதுவிட்டு வந்து, தேத்தண்ணியும் பணிசும் சாப்பிட்டார்கள். வெளிச்சம் குறைகிறது, இன்னும் ஒரு தடவை பார்ப்போம், வராவிட்டால் நாளைக்கு என்றான் தம்பி.

அந்தத் தடவை அவர் கமராவைப் பார்க்கவில்லை. தரையையும் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். நான் எனக்குரிய வசனங்களை எல்லாம் கொட்டித் தீர்த்துவிட்டு மூச்சு வாங்கிக்கொண்டிருந்தேன். அவர் கோபப்படவேயில்லை. தோளைத் தளர்த்தி, கதிரையில் சாய்ந்து, "போதும் புள்ள" என்றார். அது கதையில் இல்லாத வசனம். அதற்குப் பிறகு அந்தச் சொல்லை மூன்று தடவை, அவசரப்படாமல், ஒவ்வொன்றுக்கும் இடைவெளி விட்டுச் சொன்னார். அந்தக் குரலை நான் அதற்கு முன் கேட்டதில்லை. நான் எழும்பி நின்று கத்த வேண்டிய இடம் அது. கத்த வரவில்லை. முந்தானையை இழுத்துத் தலையைச் சரியாக மூடிக்கொண்டேன், அவ்வளவுதான்.

கமராவை நிறுத்தினார்கள். பிறகு கைதட்டினார்கள். தம்பி ஓடிவந்து அவரைக் கட்டிப்பிடித்து அழுதான். நான் முந்தானையை இழுத்ததையும் புகழ்ந்தார்கள், என்ன நடிப்பு ராத்தா என்று. இவர் கூச்சத்தோடு சிரித்துவிட்டுக் கைலேஞ்சியால் முகத்தைத் துடைத்தார். மோட்டார் சைக்கிளில் வீட்டுக்குத் திரும்பும்போது, "பாண் வாங்கவா?" என்று கேட்டார். வாங்கச் சொன்னேன்.

சில வாரங்களில் தம்பி முன்னோட்டம் ஒன்றை இணையத்தில் போட்டான். படத்தில் எத்தனையோ நல்ல காட்சிகள் இருக்க, அந்தக் காட்சியைத்தான் முழுதாக எடுத்துப் போட்டிருந்தான். எனக்குச் சந்தோசம்தான். சந்தையில் பெண்கள் நிறுத்திக் கதைத்தார்கள். வகுப்பில் பிள்ளைகள் என்னைப் போல முந்தானை இழுத்துக் காட்டினார்கள். கடையில் வந்து இவருக்குக் கை கொடுத்துவிட்டுப் போனவர்களும் உண்டு. அந்தச் சந்தோசம் ஒரு வெள்ளிக்கிழமை வரைக்கும் நீடித்தது. அன்றைக்கு யாரோ ஒருவர் முன்னோட்டத்துக்குக் கீழே ஒரு வரி எழுதினார். "இவரு அவட சொந்த மாப்பிள தானே? அப்ப?"

அந்த "அப்ப?" ஊரைப் பிடித்துக்கொண்டது. இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். நிக்காஹும் தலாக்கும் விளையாட்டுக்குச் சொன்னாலும் வினைதான் என்பது எங்களுக்குச் சின்ன வயதிலிருந்தே தெரிந்த சட்டம். அதனால்தான் எந்தச் சண்டையிலும் எங்கள் ஆண்கள் அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் போக மாட்டார்கள். யாரோ ஒரு நடிகையைப் பார்த்து இவர் ஆயிரம் தடவை சொல்லியிருந்தாலும் ஒன்றுமில்லை, அவள் இவருக்கு மனைவி இல்லையே. ஹறாம் வந்துவிடக்கூடாதென்று தேடிப் பிடித்துச் சொந்த மனைவியை உட்கார வைத்தார்களே, அங்கேதான் வந்தது வினை. பேய்க்குப் பயந்து சுடுகாட்டில் குடியிருந்த கதை.

புதிதாகப் படித்துவிட்டு வந்த இளம் மௌலவி ஒருவர், மஃரிப் தொழுகைக்குப் பிறகு பள்ளியில் எழும்பி, தலாக் விழுந்துவிட்டது என்றார். மூன்றும் விழுந்துவிட்டது, இனி இந்தப் பெண் வேறொருவரை மணந்து, அவரும் விட்டால்தான் மீண்டும் சேரலாம் என்றார். இன்னொருவர், ஒரே அமர்வில் எத்தனை சொன்னாலும் ஒன்றுதான், குறித்த தவணைக்குள் திரும்பச் சேர்த்துக்கொண்டால் போதும் என்றார். அப்படியானால் தேத்தண்ணிக்குப் போய்வந்தது அமர்வை மாற்றிவிட்டதா இல்லையா என்று ஒரு கூட்டம் விவாதித்தது. பணிஸ் சாப்பிட்டதை எல்லாம் சாட்சிகளிடம் விசாரித்தார்கள். எனக்கு மாப்பிள்ளை பார்க்கலாம் என்று கைபேசியில் பகிடி விட்ட கூட்டமும் இருந்தது. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? பதிவுத் திருமணம் பதிவில்தான் இருக்கிறது, காதி நீதிமன்றத்தில் எவரும் எதையும் கேட்கவில்லை. ஆனால் இது தாளில் இருக்கிற விசயமில்லை, நான் அவரோடு ஒரே கட்டிலில் படுப்பது பாவமா இல்லையா என்கிற விசயம்.

ஆசிரியர் அறையில் எல்லோரும் என்னைக் கண்டதும் பேச்சை நிறுத்தினார்கள். வீரமுனையிலிருந்து வருகிற இந்து டீச்சர் ஒருவர் மட்டும் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "டீச்சர், எங்கட கூத்தில ராசா செத்துப்போனா, விடிய எழும்பி வயலுக்குப் போறவர். உங்கட ஆக்கள் என்ன இப்பிடிச் சொல்றாங்க?" என்றார். அந்த நாட்களில் நான் சிரித்தது அப்போது மட்டும்தான். சிரித்துவிட்டு, கழிவறைக்குள் போய் அழுதேன்.

எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குரியது. மகளுக்குக் கலியாணம் என்றால் வீடு மகளுக்குப் போகும், மாப்பிள்ளை அங்கே வந்து குடியேறுவார். சம்மாந்துறையில் பிறந்த என் கணவர் அப்படித்தான் என் வீட்டுக்கு வந்தார். அவர் பிறந்த வீடு அவருடைய தங்கைக்குப் போயிற்று. என் வீடு என் மகளுக்குப் போயிற்று, நாங்கள் இருவரும் பின்னறைக்குப் போனோம். அந்த வீட்டில் உள்ள ஒவ்வொரு பிணைச்சலும் பூட்டும் அவருடைய கடையிலிருந்து வந்தது. ஆனாலும் அவருடையதென்று ஒரு கல் கூட அங்கே இல்லை.

மருமகன் கத்தாரிலிருந்து மகளிடம் பேசினான். முடிவு தெரியும் வரைக்கும் மாமா வேறு எங்காவது இருப்பது நல்லது, ஊர் கதைக்கிறது என்றான். மகள் அதை வாப்பாவிடம் சொல்ல முடியாமல் என்னிடம் வந்து அழுதாள். சொல்லத் தேவையிருக்கவில்லை. அவர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு கதவடியில் நின்றிருந்தார். உடுக்க இரண்டு சாரன், சவரக் கத்தி, பிரசருக்குப் போடுகிற குளிசை. இவ்வளவையும் கடைப் பையில் போட்டுக்கொண்டு, "கவனமா இரிங்க" என்று இருவருக்கும் பொதுவாகச் சொல்லிவிட்டுப் போனார். தங்கை வீட்டில் இடம் இல்லை. கடையின் பின்பக்கத்தில், பெயின்ட் வாளிகளுக்கு நடுவே பாயைப் போட்டுக்கொண்டார்.

எனக்கு எல்லோர் மீதும் ஆத்திரம். இளம் மௌலவி மீது, கீழே அந்த வரியை எழுதியவன் மீது, என் தம்பி மீது. அவன் வந்து முற்றத்தில் நின்று அழுதான். முன்னோட்டத்தை எடுத்துவிட்டானாம். "ஊர்ல எல்லார்ர போன்லயும் இரிக்கிறத்த எடுத்து என்ன செய்யப்போறாய்?" என்று கேட்டேன். காட்சியையே வெட்டிவிடவா என்று கேட்டான். கேட்கும்போதே அவனுடைய முகம் செத்துப்போயிற்று. அந்தக் காட்சி இல்லாவிட்டால் அந்தப் படமே இல்லை என்பது அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். நான் உள்ளே போய்விட்டேன்.

மகள் மூலம் சோறு அனுப்புவேன். கெரியரில் கறிக்கு அடியில் அவருக்குப் பிடித்த றால் பொரியல் வைப்பேன். கழுவித் துடைத்த கெரியர் திரும்பி வரும். வேறு செய்தி எதுவும் வராது. ஒருநாள் முச்சக்கர வண்டியில் கடைப் பக்கமாகப் போகும்போது அவர் வெளியில் நின்று யாருக்கோ குழாய் அளந்து கொடுத்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டார். கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அந்நியப் பெண்ணைப் பார்க்கக் கூடாதல்லவா? மார்க்கம் தெரிந்த மனிதர், சரியாகத்தான் செய்தார். நான் வண்டியை நேரே வீட்டுக்குத் திருப்பச் சொன்னேன். அன்றைக்குத்தான் எனக்கு விளங்கியது. எனக்குச் சட்டமும் வேண்டாம், நியாயமும் வேண்டாம், இந்த மனிதர் வேண்டும். நடிக்கத் தெரியாத, பேசத் தெரியாத இந்த மனிதர் என் பின்னறைக்குத் திரும்பி வர வேண்டும்.

கடைசியில் பெரிய பள்ளியின் மூத்த மௌலவி, ஊரில் நாங்கள் ஹஸ்ரத் என்று அழைக்கிறவர், எல்லோரையும் கூப்பிட்டார். பள்ளியை ஒட்டிய அறையில் ஒரு திரை கட்டி, இந்தப் பக்கம் நானும் மகளும், அந்தப் பக்கம் அவரும் ஹஸ்ரத்தும் இளம் மௌலவியும் என் தம்பியும். பார்க்காமல் தீர்ப்புச் சொல்லக்கூடாதென்று ஹஸ்ரத் அந்தக் காட்சியைக் கைபேசியில் போடச் சொன்னார். என் குரல் கத்துவது கேட்டது. பிறகு அவருடைய குரல் கேட்டது. முதல் தடவை சொன்னவுடனேயே, "நிப்பாட்டு மனே, நிப்பாட்டு. இது இனி இன்னொரு தலாக்குக் கணக்கில சேந்திரும்" என்றார் ஹஸ்ரத். அந்தப் பக்கம் யாரோ சிரித்து, இருமுவது போல மறைத்தார்கள்.

அவர் மெதுவாகப் பேசுகிற மனிதர். பிறருடைய தலாக்கைக் கதையாக எடுத்துச் சொல்வதால் தலாக் நிகழாது, எடுத்துச் சொல்கிறவன் தன்னுடைய மனைவியையே நினைத்துச் சொன்னாலன்றி என்று விளக்கினார். ஆகையால் கேட்க வேண்டியது நிய்யத்து, அதாவது மனதிலிருந்த எண்ணம், மட்டும்தான் என்றார். எனக்கு அப்போதே பாதி உயிர் வந்துவிட்டது. இவர் இல்லையென்று ஒரு சொல் சொன்னால் போதும்.

"நீங்க சொன்ன, அந்தப் படத்தில வாற மனிசன்ர கததானே?" என்று ஹஸ்ரத் கேட்டார்.

"முதல்ல சொன்னதெல்லாம் அப்பிடித்தான் ஹஸ்ரத்" என்றார் இவர்.

"கடைசியாச் சொன்ன?"

மேலே மின்விசிறி சுற்றுகிற சத்தம் மட்டும் கேட்டது.

"'போதும் புள்ள' எண்டு கதையில இல்லயாம். அத ஆரு சொல்லச் சொன்ன?"

"ஒருத்தரும் சொல்லச் சொல்லல்ல. வாயில வந்திச்சு."

"செரி. அந்த நேரம் இவவ விடோணும் எண்டு உங்கட மனசில இரிந்திச்சா? ஓம் எண்டா ஓம். இல்ல எண்டா இல்ல. அல்லாஹ் கேட்டுட்டு இரிக்கான்."

மகள் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். நான் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சொல்லுங்க, இல்லை என்று சொல்லுங்க என்று மனதுக்குள் கெஞ்சினேன். ஒரு சின்னச் சொல்லுக்கு இவ்வளவு நேரம் எடுக்கிற மனிதரை நான் கண்டதில்லை.

"தெரியா ஹஸ்ரத்" என்றார்.

"தெரியா எண்டா?"

"இரிந்திச்சு எண்டு சொல்லேலா. இல்ல எண்டு சத்தியம் பண்ணவும் ஏலா."

ஹஸ்ரத் கைபேசியை மேசையில் வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு, "உங்கட நிக்காஹ் நடந்தது உறுதி. அதுக்கு ஊரே சாட்சி. இது சந்தேகம். உறுதியான ஒண்டச் சந்தேகத்தால உடைக்க மார்க்கத்தில இடமில்ல" என்றார். இளம் மௌலவியைப் பார்த்துத்தான் இருக்க வேண்டும், "என்ன மௌலவி?" என்று கேட்டார். அவர் ஏதோ முணுமுணுத்தார், பிறகு ஓமென்று ஒத்துக்கொண்டார். "நிக்காஹ் நிக்கிது. வீட்ட போங்க. இனி இந்தக் கூத்துகளுக்குப் போகாதீங்க" என்றார் ஹஸ்ரத்.

அல்ஹம்துலில்லாஹ் என்று எல்லோரும் சொன்னார்கள். மகள் என் தோளில் சாய்ந்து அழுதாள். தம்பி இனிப்புக்குத் தொதல் வாங்க ஓடினான். வெளியில் நின்றவர்கள் ஒவ்வொருவராக வந்து எனக்கு ஸலாம் சொன்னார்கள், ஹஜ்ஜுக்குப் போய்வந்தவளுக்குச் சொல்வது போல. நானும் சொன்னேன். என் கணவர் என்னை விட்டாரா இல்லையா என்பது அவருக்கே தெரியவில்லை, அந்தத் தெரியாமையின் புண்ணியத்தில் நான் அவருடைய மனைவி. இதற்குத்தான் இத்தனை பேரும் சந்தோசப்படுகிறார்கள் என்று நினைக்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அன்று பின்னேரமே அவர் பையோடு திரும்பி வந்தார். வாசலில் நின்று ஸலாம் சொன்னார். உள்ளே வரச் சொல்லும் வரைக்கும் நின்றார். கால் நூற்றாண்டில் ஒருநாளும் அப்படி நின்றதில்லை. "வாங்க" என்றேன். சாரனை அலுமாரியில் வைத்தார், குளிசையை யன்னல் விளிம்பில் வைத்தார், பின்வளவில் கதிரையைப் போட்டு உட்கார்ந்தார். தேத்தண்ணி ஊற்றிக்கொண்டுபோய்க் கொடுத்தேன். மகள் பேரப்பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போயிருந்தாள். எங்கள் இருவரையும் தனியே விடத்தான் போனாள்.

கேட்காமல் இருந்திருக்கலாம். என்னால் இருக்க முடியவில்லை.

"கடைசியாச் சொல்லக்குள்ள மனசில என்னதான் இரிந்திச்சு?" என்று கேட்டேன்.

அவர் யோசித்தார். என்னை ஏமாற்றுவதற்கான யோசனை இல்லை அது, சரியாகச் சொல்ல வேண்டுமே என்கிற யோசனை. "சொல்லக்குள்ள ஒண்டுமில்ல புள்ள" என்றார். ஒரு மிடறு குடித்தார். "சொல்லி முடிஞ்ச உடனதான். நெஞ்சில கிடந்த பாரம் எறங்கின மாதிரி, சுகமா இரிந்திச்சு. அத ஹஸ்ரத்துக்கிட்ட எப்பிடிச் சொல்ற எண்டுதான் தெரியல்ல."

கோபம் இல்லை அந்தக் குரலில். என்னை நோகடிக்கிற எண்ணமும் இல்லை. வயிற்றுக்குள் என்ன செய்கிறதென்று டொக்டரிடம் சொல்கிற மாதிரிச் சொன்னார். பாரம் என்று அவர் சொன்னது என்னைத்தான். நான் பாட்டும் பேச்சும் நாடகமுமாக அந்த மனிதரை நடத்திக்கொண்டுபோன அத்தனை வருடங்களையும்தான். எனக்கு அழுகை வரவில்லை. அழுதிருந்தால் கொஞ்சம் இறங்கியிருக்கும். வெறுங்கோப்பையை வாங்கிக்கொண்டு குசினிக்குப் போய், கழுவிக் கவிழ்த்து வைத்தேன்.

படம் பிறகு வெளிவந்தது. அந்தக் காட்சியை வெட்ட வேண்டாமென்று நானே சொன்னேன். கொழும்பில் ஏதோ விழாவில் காட்டியபோது, இவருடைய நடிப்பைப் பற்றி யாரோ பத்திரிகையில் எழுதினார்களாம். இப்போதும் கடைக்கு வருகிறவர்கள் கை கொடுக்கிறார்கள். அவர் கூச்சத்தோடு சிரித்துவிட்டு, எத்தனை அங்குல ஆணி வேண்டுமென்று கேட்கிறார். வீட்டில் நாங்கள் மழையைப் பற்றிக் கதைக்கிறோம், பேரப்பிள்ளையின் சளியைப் பற்றிக் கதைக்கிறோம், சமையல் காஸ் எப்போது முடியும் என்று கதைக்கிறோம். வேறெதையும் நான் அவரிடம் கேட்பதில்லை. கேட்டால் சொல்லிவிடுவார்.